சினிமாச் சுருள் என்னும் சாட்சி

(வாசகசாலை ஆண்டு விழாவில் செய்த சொற்பொழிவு)



இன்று சினிமாவைப் பற்றிப் பேசும்படி வாசகசாலைத் தோழர்கள் நம்மைக் கேட்டுக் கொண்டார்கள். சினிமா என்றதும் எந்த நடிகர், எந்தப் பாட்டு, எத்தனை நாள் ஓடிற்று என்கிற சங்கதிகள் வருமென்று யாராவது எதிர்பார்த்து வந்திருப்பீர்களானால், நீங்கள் ஏமாற வேண்டியதுதான். படம் ஓடி முடிந்து, கொட்டகையில் விளக்குப் போட்டு, ஜனங்கள் வீட்டுக்குப் போன பிறகு அந்தச் சுருள் என்ன ஆகிறது? அய்ம்பது வருஷம் கழித்து மற்றொருவர் அதை எடுத்துத் தம்முடைய படத்தில் சேர்த்துக் காட்டினால், அதை நாம் எந்த அளவுக்கு நம்புவது? இவ்விரண்டு கேள்விகளைப் பற்றித்தான் பேசப் போகிறோம்.

இதற்கும் சுயமரியாதை இயக்கத்திற்கும் என்ன சம்பந்தம் என்று சிலர் நினைக்கலாம். சம்பந்தம் நிறைய இருக்கிறது. நாம் இத்தனை காலமாக ஜனங்களிடம் சொல்லி வருவதெல்லாம் என்ன? யார் சொன்னாலும், எதில் எழுதியிருந்தாலும், எவ்வளவு காலமாக நடந்து வந்தாலும் ஆதாரம் கேள் என்பதுதானே? ‘ரிஷி ஞானக் கண்ணால் கண்டார்’ என்று புராணிகர் சொன்னால், ‘அந்தக் கண் எங்கே? கண்டதற்கு ருஜு எங்கே?’ என்று கேட்கிறோம். அப்படிக் கேட்கிற நாம், நம்முடைய காலத்தில் நடந்தவைகளுக்கு ருஜுவை வைத்துவிட்டுப் போகவில்லையானால், நம் பேரப்பிள்ளைகள் நம்மைப் பற்றியும் புராணம்தான் படிக்க வேண்டிவரும். ஆகவே இது பொழுதுபோக்குச் சங்கதியல்ல. பகுத்தறிவுச் சங்கதியே ஆகும்.

கண்கண்ட சாட்சி

1895 டிசம்பர் 28-ந் தேதி பாரிஸ் நகரத்தில் லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக் கொண்டு ஜனங்களுக்குப் படம் காட்டினார்கள். அது நடந்து மூன்று வருஷம்கூட முடியவில்லை. 1898-ல் போலந்துக்காரரான போலெஸ்லாவ் மாத்துஷெவ்ஸ்கி என்னும் படப்பிடிப்பாளர் அதே பாரிஸில் ஒரு சிறு புத்தகம் வெளியிட்டார். வேடிக்கை காட்ட வந்த இந்த யந்திரம் சரித்திரத்திற்கு ஒரு புது ஆதாரம். ஆதலால் சுருள்களைப் பத்திரப்படுத்தி வைக்க ஒரு பொது நிலையம் ஏற்பட வேண்டும் என்பது அவருடைய வாதம்.

அவர் வெறும் யோசனையாக இதைச் சொல்லவில்லை. 1897-ல் பிரெஞ்சு ஜனாதிபதி பெலிக்ஸ் ஃபோர் ருஷியாவுக்குப் போயிருந்தபோது மரியாதை முறையில் தவறிவிட்டார் என்று ஜெர்மனியின் பிஸ்மார்க் குற்றம் சொன்னார். மாத்துஷெவ்ஸ்கி அந்த நிகழ்ச்சியைப் படம் பிடித்திருந்தார். சுருளை ஓட்டிக் காட்டியதும் குற்றச்சாட்டு பொய் என்று விளங்கிவிட்டது. பெரிய மனிதர் வாக்குக்கும் சுருளுக்கும் வழக்கு வந்தது, சுருள் ஜெயித்தது!

ஆனாலும் அவர் சொன்னதை அன்று யாரும் காதில் போட்டுக் கொள்ளவில்லை. 1930-க்குப் பிறகுதான் அய்ரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பெரிய சினிமாக் காப்பகங்கள் ஏற்பட்டன. நம் இந்தியாவில் 1964-ல்தான் புனாவில் தேசிய சினிமாக் காப்பகம் ஏற்பட்டது. அதற்குள் போனது போனதுதான்.

ஜார் எடுத்த படமே ஜாருக்குச் சாட்சி

சுருளைக் காப்பாற்றினால் என்ன லாபம் என்று கேட்பவர்களுக்கு ருஷியாவில் நடந்த ஒன்றைச் சொல்லுகிறோம். ஜார் நிக்கோலஸ் தம் குடும்ப விழாக்களையும் ஊர்வலங்களையும் படம் பிடிப்பதற்கென்று அரண்மனைப் படக்காரர்களை வைத்திருந்தார். 1913-ல் ரோமனோவ் வம்சம் பட்டத்துக்கு வந்து 300 வருஷமானதற்கு நடந்த ஆடம்பரங்கள் எல்லாம் படமாயின. அவை அரசர் பெருமையை அரசரே பார்த்து மகிழ்வதற்கும், குடிகள் பார்த்து வாய்பிளப்பதற்கும் எடுக்கப்பட்டவை. 1917-ல் ஜார் ஆட்சி ஒழிந்தது. சுருள்கள் கேட்பாரற்று ஈரக்கசிவுள்ள நிலவறையில் கிடந்தன.

1926-ல் எஸ்பிர் ஷூப் என்னும் ஒரு பெண்மணி லெனின்கிராடுக்குப் போய் அவைகளைத் தேடி எடுத்தார். அவர் அதற்கு முன்பு வெளிநாட்டுப் படங்களைத் தங்கள் நாட்டுக்கு ஏற்றபடி வெட்டி ஒட்டும் வேலை பார்த்தவர். இரண்டு மாதத்தில் 60,000 மீட்டர் சுருளை அவர் உட்கார்ந்து பார்த்தார். 60,000 மீட்டர் என்றால் 60 கிலோமீட்டர். சென்னையில் ஒரு முனையைப் பிடித்துக் கொண்டு பிரித்துக் கொண்டே போனால் செங்கற்பட்டு வரையில் போகும்! அதிலிருந்து பொறுக்கிச் சுமார் 1,500 மீட்டரில் ‘ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ என்ற படத்தை 1927-ல் வெளியிட்டார். நடிகர்களுக்கு ஜார் வேஷம் போட்டு அவர் படம் எடுக்கவில்லை. ஜாருக்கு ஜாரே நடித்திருந்தார்!

அதில் ஒரு கட்டத்தைக் கவனியுங்கள். கப்பல் தளத்தின்மேல் பிரபுக்களும் சீமாட்டிகளும் ஆடுகிறார்கள். ஆடிய களைப்பில் வியர்வை துடைக்கிறார்கள். அடுத்த காட்சியில் குடியானவர்கள் மண் வெட்டுகிறார்கள், அவர்களுக்கும் வியர்வைதான். இரண்டும் ஜார் காலத்துச் சுருள்களே. இது ஆடின வியர்வை, அது பாடுபட்ட வியர்வை என்பதை யாரும் பிரசங்கம் செய்து விளக்க வேண்டியதில்லை. பக்கத்தில் பக்கத்தில் வைத்ததுமே அரசனுக்குப் பெருமை சேர்க்க எடுத்த சுருள் அரசனுக்கு விரோதமாகச் சாட்சி சொல்லத் தொடங்கிவிட்டது. இந்தப் படம் வந்த அய்ந்து வருஷத்தில், 1932-ல், பெரியார் அந்நாட்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்து, அரசனும் மதமும் இல்லாமல் ஒரு தேசம் நடப்பதை நம் ஜனங்களுக்குச் சொன்னார் என்பதும் உங்களுக்குத் தெரியும்.

ஈரத்தில் அந்தச் சுருள் இன்னும் பத்து வருஷம் கிடந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஜார் குடும்பம் தர்ம ராஜ்யம் நடத்திற்று என்று எவனாவது கதை கட்டினால், எதைக் காட்டி மறுப்பது?

சுருள் சாகும் விதம்

சுருள் என்பது கல்வெட்டல்ல. 1950-க்குச் சற்று பின்வரையில் கொட்டகைகளுக்கு வந்த பெரிய சுருள்களில் மிகப் பெரும்பாலானவை நைட்ரேட் என்னும் பண்டத்தினால் செய்தவை. அது எரிவதற்கு வேண்டிய பிராணவாயு அதற்குள்ளேயே இருக்கிறது. ஆகையால் பற்றிக் கொண்டால் தண்ணீருக்குள் போட்டாலும் எரியும். எரியாவிட்டாலும் வெப்பத்திலும் ஈரத்திலும் மஞ்சளாகி, பிசுபிசுத்து, கடைசியில் பொடியாகப் போய்விடும். 1978 டிசம்பரில் அமெரிக்க சர்க்காரின் சொந்தக் காப்பகத்திலேயே தீப்பிடித்து 1 கோடியே 26 லட்சம் அடி செய்திப்படச் சுருள் வெந்து போயிற்று. பணமும் படிப்பும் உள்ள நாட்டுக்கே இந்தக் கதி.

அதற்கு மாற்றாக வந்த அசிடேட் சுருள் அவ்வளவு சுலபத்தில் தீப்பிடிக்காது. ஆனால் புழுக்கத்தில் வைத்தால் புளித்த காடி வாசனை வரும். அந்த வாசனை வந்துவிட்டால் சுருள் சுருங்கி வளையத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். வியாதி பிடித்த ஒரு சுருள் பக்கத்தில் இருக்கும் நல்ல சுருளையும் கெடுக்கும். குளிர்ச்சியும் உலர்ந்த காற்றுந்தான் இவைகளுக்கு மருந்து. நம் சித்திரை வெயிலும் அய்ப்பசி ஈரமும் இவைகளுக்கு யமன்.

யந்திரமும் வெயிலும் கெடுத்தது போக, மனிதன் கெடுத்தது வேறு. கறுப்பு வெள்ளைச் சுருளில் வெள்ளி இருக்கிறது. ஓடி முடிந்த படத்தை எடைக்குப் போட்டு, வெள்ளியை உருக்கி எடுத்துக் கொண்டார்கள். இந்தியாவின் முதல் பேசும் படமாகிய 1931-ம் வருஷத்து ‘ஆலம் ஆரா’ இன்று இல்லை. அதே வருஷத்தில் வந்த ‘காளிதாஸ்’ இல்லை. நடராஜ முதலியார் எடுத்த தென்னாட்டு முதல் மௌனப் படம் ‘கீசக வதம்’ இல்லை. நாகர்கோயிலில் சுந்தரராஜ் தயாரித்த 1933-ம் வருஷத்து ‘மார்த்தாண்ட வர்மா’ தப்பிப் பிழைத்தது. எதனால்? கதை உரிமையைப் பற்றி வழக்கு வந்து, சுருள் பறிமுதல் ஆயிற்று. அதனால் அது எடைக்குப் போகவில்லை! நம் நாட்டில் ஒரு படம் பிழைக்க வேண்டுமானால் அதன்மேல் கோர்ட்டில் வழக்குப் போட வேண்டும் போலிருக்கிறது.

எரியட்டுமே என்பவர்களுக்கு

இந்த இடத்தில் நம் தோழர் ஒருவர் எழுந்து, ‘கீசக வதமும் காளிதாசனும் புராணக் குப்பைதானே, போனால் நல்லதுதானே, கம்பராமாயணத்தையும் பெரியபுராணத்தையும் கொளுத்த வேண்டும் என்று சொன்னவர்கள் நாம்தானே?’ என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம்.

1943-ல் சென்னைச் சட்டக் கல்லூரியிலும் சேலத்திலும் அண்ணா அப்புலவர்களோடு வாதாடினாரே, எதை வைத்துக் கொண்டு வாதாடினார்? அந்த நூல்களை வைத்துக் கொண்டுதான். நூலைப் படித்து, அதில் என்ன இருக்கிறது என்று எடுத்துக் காட்டித்தான் வாதாடினார். கொளுத்துவது என்பது ஜனங்களைத் தட்டி எழுப்பி யோசிக்கச் செய்வதற்கு ஆயிரக்கணக்கான பிரதிகளில் ஒன்றிரண்டைத் தீயிலிடுவது. உலகத்தில் ஒரே ஒரு பிரதி இருக்கும்போது அதை அழிப்பது வேறு. அது எதிரி செய்த குற்றத்திற்கு நாமே தடயத்தை அழித்துக் கொடுக்கிற வேலை.

எண்ணிப் பாருங்கள். எழுதப் படிக்கத் தெரியாத ஜனங்களுக்குக் கொட்டகையில் என்னென்ன மூடநம்பிக்கையை ஊட்டினார்கள், பெண்களை எப்படிக் காட்டினார்கள், எந்த ஜாதிக்காரனை எந்த வேஷத்தில் நிறுத்தினார்கள் என்பதை நாளைக்கு ஒருவன் ஆராய வேண்டுமானால், அந்தப் படங்கள் இருந்தாக வேண்டும். குப்பையும் ஆதாரமே. பழைய ஏட்டை ஆடிப்பெருக்கில் ஆற்றில் விட்டால் புண்ணியம் என்று எண்ணிச் சுவடிகளைத் தண்ணீருக்குக் கொடுத்த புத்தியை நாம் பழிக்கிறோம். அதே புத்தி நமக்கு வரலாமா?

மாற்றுக் கருத்துக்காரரின் சுருளும் வேண்டும்

காந்தியாரிடம் நமக்குள்ள கருத்து வேற்றுமை ஊரறிந்தது. வருணாசிரமத்தைப் பற்றி அவர் சொன்னதை நாம் கண்டித்ததை மறைக்க வேண்டிய அவசியமில்லை. ஆனால் அவரைப் பற்றிய சுருள்களைத் திரட்டிய ஒரு தமிழரின் உழைப்பைப் போற்றுவதற்கு அது தடையல்ல. கோட்டையூர்க்காரரான ஏ. கே. செட்டியார் 1937-ல் இந்த வேலையைத் தொடங்கி, சுமார் ஒரு லட்சம் மைல் பிரயாணம் செய்து, முப்பது வருஷ காலத்தில் ஏறக்குறைய நூறு படக்காரர்கள் எடுத்திருந்த சுருள்களிலிருந்து 50,000 அடி சேகரித்தார். அதைக் கொண்டு எடுத்த படம் 1940-ல் சென்னையில் தமிழ் விளக்கத்தோடு வெளிவந்தது. யுத்த காலம், வெள்ளையர் ஆட்சி. ஒரு தனி மனிதர் செய்த காரியம் இது.

இவ்வளவு பாடுபட்டு எடுத்த படம் பிறகு என்ன ஆயிற்று? காணாமற் போயிற்று! பல வருஷங்கள் தேடிய பிறகு, 1953-ல் அமெரிக்காவில் தயாரான இங்கிலீஷ்ப் படத்தின் சுருக்கப் பிரதி ஒன்றை ஆராய்ச்சியாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி சான்பிரான்சிஸ்கோவில் ஒரு பல்கலைக் கழகத்தில் கண்டெடுத்தார். தமிழன் எடுத்த தமிழ்ப் படத்தின் மிச்சத்தைப் பார்க்க அமெரிக்காவுக்குப் போக வேண்டியிருந்தது. காந்தியாரைப் போற்றுகிறவர்களுக்கும் இது நஷ்டம். கண்டிக்கிறவர்களாகிய நமக்கும் இது நஷ்டம். போற்றுகிறவனும் கண்டிக்கிறவனும் ஒரே ருஜுவைப் பார்த்துப் பேசினால்தான் வாதம். இல்லாவிட்டால் இரண்டு பேர் சொல்லுவதும் பஜனைதான்.

சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்

நிற்க, சுருளில் இருப்பதெல்லாம் உண்மை என்று நாம் சொல்லுவதாக யாரும் எடுத்துக் கொள்ளக்கூடாது. வேதத்தில் இருக்கிறது என்பதற்காக நம்பாதவன், திரையில் தெரிகிறது என்பதற்காக மட்டும் ஏன் நம்ப வேண்டும்?

1902-ல் இங்கிலாந்து அரசர் ஏழாம் எட்வர்டுக்கு முடிசூட்டு விழா ஏற்பாடாயிற்று. பிரெஞ்சுக்காரரான ஜார்ஜ் மெலியே வேஷக்காரர்களை வைத்து, விழா நடப்பதற்கு முன்னாலேயே முடிசூட்டிப் படம் எடுத்து முடித்துவிட்டார். அரசருக்கு உடம்பு சரியில்லாமல் விழா ஆகஸ்டு மாதத்துக்குத் தள்ளிப் போயிற்று. படமோ தயார்! ராமன் பிறப்பதற்கு முன்னாலேயே ராமாயணம் எழுதப்பட்டது என்று நம்மவர்கள் சொல்லுவதற்கு வெள்ளைக்காரனும் இளைத்தவனல்ல.

அது வேடிக்கை. நம் பக்கத்துக்குச் சாதகமான ஒன்றையும் பார்ப்போம். 1917-ல் ருஷியாவில் அரண்மனை பிடிபட்ட இரவைக் காட்டுவதாக ஜனத்திரள் கதவை நோக்கிப் பாயும் காட்சி ஒன்றைப் பல படங்களிலும் புத்தகங்களிலும் காண்கிறோம். அது அன்றைய நிகழ்ச்சியல்ல. பத்து வருஷம் கழித்து அய்சன்ஸ்டீன் ‘அக்டோபர்’ என்ற கதைப் படத்துக்காக ஆட்களை ஓடவிட்டு எடுத்தது. அவர் கதைப் படமாகத்தான் எடுத்தார். பின்னால் வந்தவர்கள் அதை வெட்டி எடுத்து உண்மைக் காட்சியாக ஒட்டிக் கொண்டார்கள். புரட்சி நமக்குப் பிடித்தது என்பதற்காக அந்தப் புரட்டை ஒப்புக்கொள்ள முடியுமா? நமக்கு அனுகூலமான பொய்யும் பொய்தான்.

கடைசியாக ஒன்று. இது சிரிக்கும் சங்கதியல்ல. 1942 மே மாதம் ஜெர்மன் நாஜிகள் போலந்தில் வார்சா நகரத்து யூதர்களை அடைத்து வைத்திருந்த சேரிக்குள் காமிராவோடு புகுந்து சுமார் ஒரு மாதம் படம் பிடித்தார்கள். பட்டினியால் தெருவில் மனிதர் செத்துக் கிடப்பதையும், அதே இடத்தில் நல்ல துணி உடுத்திய யூதர்கள் விருந்து உண்பதையும், பிணத்தைத் திரும்பிப் பாராமல் நடப்பதையும் எடுத்தார்கள். தம் இனத்தான் சாவதைக் கூடக் கவனியாத ஈரமற்ற ஜனங்கள் இவர்கள் என்று காட்டுவதற்கான ஏற்பாடு அது. அடுத்த ஜூலை மாதத்திலேயே அம்மக்களைக் கூட்டங்கூட்டமாக ரயிலேற்றிக் கொலைக் களத்துக்கு அனுப்பத் தொடங்கினார்கள்.

முடிக்கப்படாத அந்தப் படத்தின் ஒரு மணி நேரச் சுருள் 1954-ல் கிழக்கு ஜெர்மனியில் அகப்பட்டது. வெகு காலம் அதிலுள்ள காட்சிகளைச் சேரியின் உண்மை வாழ்க்கை என்றே பலரும் எடுத்துப் பயன்படுத்தினார்கள். 1998-ல் அமெரிக்க ஆகாயப் படை நிலையம் ஒன்றில் மேலும் அரைமணி நேரச் சுருள் கிடைத்தது. அது நாஜிகள் வேண்டாமென்று வெட்டிப் போட்ட துண்டுகள். அதில் என்ன இருந்தது? அதே சீமாட்டி அதே பிச்சைக்காரக் குழந்தையைத் தாண்டி ஒரு தடவையல்ல, பல தடவை நடக்கிறாள். சரியாக வரும் வரையில் திரும்பத் திரும்ப நடக்கச் செய்திருக்கிறார்கள்! துப்பாக்கி முனையில் நடந்த நாடகம் என்பது வெட்டிப் போட்ட துண்டிலிருந்து வெளியாயிற்று. சேரியின் யூத சபைத் தலைவர் ஆடம் செர்னியாகோவ் படக்காரர்கள் வந்து ஜோடித்ததைத் தம் நாட்குறிப்பில் எழுதி வைத்திருந்தார். அதுவும் ஒத்துப் போயிற்று. 2010-ல் இஸ்ரேல் நாட்டு யாயேல் ஹெர்சோன்ஸ்கி என்ற பெண்மணி இவைகளையெல்லாம் ஒன்றாக வைத்துப் படம் எடுத்து, பொய்யை எப்படி ஜோடித்தார்கள் என்பதையே உலகத்துக்குக் காட்டினார்.

பார்த்தீர்களா? படத்தின் பட்டினி நிஜம், பிணம் நிஜம், விருந்து ஜோடனை. நிஜத்தையும் ஜோடனையையும் பிரித்துக் காட்டியது எது? குப்பையென்று தள்ளிய துண்டு. அதை யாரோ தூக்கி எறியாமல் வைத்திருந்ததினால்தான் செத்தவர்களின் மானம் பிழைத்தது.

நாம் செய்ய வேண்டியது

ஆகவே பழைய சுருளைப் படத்தில் பயன்படுத்துகிறவர்கள் சில காரியங்களில் யோக்கியமாக நடந்துகொள்ள வேண்டும். ஒரு வருஷத்துக் காட்சியை மற்றொரு வருஷத்ததாகக் காட்டக் கூடாது. நடித்து எடுத்ததை நடித்தது என்று சொல்லிவிட வேண்டும். மௌனச் சுருளுக்குப் பிறகு சேர்த்த சத்தத்தை அன்றைய சத்தம் என்று நம்பவைக்கக் கூடாது. மெதுவாக எடுத்த பழைய படத்தை இன்றைய வேகத்தில் ஓட்டி, நம் பாட்டன்மார் குதித்துக் குதித்து நடந்ததாகக் காட்டிச் சிரிக்கக் கூடாது. அவர்கள் நம்மைப் போலத்தான் நடந்தார்கள். மூலச் சுருளைக் கத்தரிக்காமல் பிரதியைத்தான் வெட்ட வேண்டும்.

பார்க்கிறவர்கள் நான்கு கேள்வி கேட்க வேண்டும். எடுத்தவர் யார்? எடுக்கச் சொன்னவர் யார்? எந்த இடத்தில், எந்தத் தேதியில்? வெட்டித் தள்ளியது என்ன? இன்று யந்திரமே இல்லாத ஆளுக்கு முகமும், சொல்லாத பேச்சுக்குக் குரலும் செய்து கொடுக்கிற காலம். செத்துப் போன தலைவர் வாயில் எதை வேண்டுமானாலும் வைக்கலாம். இக்காலத்தில் இந்த நான்கு கேள்வியைக் கேட்காதவன், சாமியாடுகிறவன் வாக்கைக் கேட்டு நடக்கிறவனுக்கு எந்த விதத்திலும் மேலானவனல்ல.

நமக்கு வீட்டு வேலையும் இருக்கிறது. 1967-ல் அண்ணா ஆட்சியில் சுயமரியாதைத் திருமணத்துக்குச் சட்டம் நிறைவேறியது. அதற்கு முன்னும் பின்னும் புரோகிதனில்லாமல், தாலியில்லாமல் கூடத் துணிந்து திருமணம் செய்து கொண்டவர்கள் நம் ஊர்களில் இருக்கிறார்கள். மாநாடுகள் நடந்தன, ஊர்வலங்கள் போயின. 1980-க்குப் பிறகு இவைகளை வீடியோ நாடாவில் பிடித்து வைத்தவர்கள் பலர். அந்தக் காசெட்டுகள் இன்று பரணில் பூஞ்சக்காளான் பூத்துக் கிடக்கின்றன. போகிக்குப் போகி ஒரு கூடை குறைகிறது. ஜார் தம் விழாவைப் படம் பிடிக்க ஆள் வைத்திருந்தான். பாடுபடுகிறவன் விழாவைப் பிடிக்க யார் இருந்தார்கள்? அபூர்வமாகப் பிடித்ததையும் நாமே தொலைப்பதா?

ஆகையால் தோழர்களே, வீட்டுக்குப் போனதும் பரணைப் பாருங்கள். கிடைத்த நாடாவின்மேல் ஊர், தேதி, எடுத்தவர், அதில் இருப்பவர் பெயர் எழுதி ஒட்டுங்கள். தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள். விஷயம் தெரிந்தவர்களைக் கொண்டு பிரதி எடுங்கள். ஒன்றை வீட்டிலும் ஒன்றை இந்த வாசகசாலையிலும் மற்றொன்றை வெளியூரிலும் வையுங்கள். கம்ப்யூட்டர் தட்டில் ஏற்றிவிட்டோம் என்று தூங்கிவிடாதீர்கள். அந்தத் தட்டும் சில வருஷத்தில் சாகும். அடிக்கடி புதிதில் மாற்ற வேண்டும். மூல நாடாவையும் எறியாதீர்கள்.

1925-ல் தொடங்கிய ‘குடிஅரசு’ இதழ்களைச் சிலர் பத்திரமாகக் கட்டி வைத்திருந்ததினால்தான், இன்று எவனாவது இயக்கத்தின் பேரில் இல்லாததைச் சொன்னால் பக்கத்தைப் புரட்டிக் காட்ட முடிகிறது. காகிதத்திற்குச் செய்ததைச் சுருளுக்கும் செய்யுங்கள். நம்பும்படி நாம் யாரையும் கேட்பதில்லை. பார்த்து, விசாரித்து, பிறகு முடிவு செய்யும்படிதான் கேட்கிறோம். பார்ப்பதற்கு ஏதாவது மிச்சம் இருந்தால்தானே விசாரிக்க முடியும்? இதை உங்கள் யோசனைக்கு விட்டு முடித்துக் கொள்ளுகிறோம்.